'அனொன்' என்னும் ஆங்கில வினையடையின் பொருள் வரலாறு: ஒரு நோக்கு

சொற்கள் யாவும் ஒரே வகையாகப் பொருள் மாறுவதில்லை. சில விரிவடைகின்றன, சில சுருங்குகின்றன, சில உயர்வடையச் சில இழிவடைகின்றன. பண்டைச் செய்யுட்களில் நறுமணத்துக்கும் வழங்கிய 'நாற்றம்' என்னும் சொல் இன்று தீய மணத்தை மாத்திரமே சுட்டி நிற்பதைத் தமிழ் மாணவர் அனைவரும் அறிவர். பெயர்ச்சொற்களில் நிகழும் இத்தகைய மாற்றங்கள் எளிதிற் கண்ணுக்குப் புலனாகின்றன. காலத்தையும் விரைவையும் குறிக்கும் வினையடைகளின் மாற்றமோ அவ்வாறு புலப்படுவதில்லை. வாசகன் அவற்றை நன்கு அறிந்தவையெனக் கருதிக் கடந்து செல்கின்றான். அவ்விடத்திலேயே பிழையாகவும் விளங்கிக் கொள்கின்றான். அறியாத சொல் வாசகனை அகராதியை நாடச் செய்யும். அறிந்ததுபோலத் தோன்றும் சொல் அவ்வாறு செய்வதில்லை. ஆங்கிலத்தில் இன்று அருகியே வழங்கும் 'அனொன்' என்னும் வினையடை இவ்வுண்மைக்குத் தக்கதோர் எடுத்துக்காட்டாகும்.

இச்சொல்லை ஆராயப் புகுமுன் ஒரு மயக்கத்தை நீக்குதல் வேண்டும். ஆங்கிலக் கவிதைத் தொகுப்புக்களில் ஆசிரியர் பெயர் அறியப்படாத பாடல்களின் அடியில் 'அனொன்' என்ற குறிப்புக் காணப்படும். அது பெயரிலி என்னும் பொருளுடைய கிரேக்க வழிச் சொல்லொன்றின் குறுக்கமாகும். வேர்ஜினியா வுல்ஃப் 1929 இல் வெளியிட்ட 'தனக்கென ஓர் அறை' என்ற நூலில், கையொப்பமின்றிப் பாடல்கள் பல புனைந்த அந்தப் பெயரிலி பெரும்பாலும் ஒரு பெண்ணாகவே இருந்திருத்தல் கூடும் என ஊகித்தமை பலரும் அறிந்தது. அச்சொல்லுக்கும் இக்கட்டுரை எடுத்துக்கொண்ட வினையடைக்கும் ஒலியொற்றுமையன்றி வேறு தொடர்பு இல்லை.

வினையடையான 'அனொன்' தூய ஆங்கில வேரினின்று தோன்றியது. பழைய ஆங்கிலத்தில் 'ஒன் ஆன்' என இரு சொற்களாக வழங்கிய தொடரே பின்னர் ஒரு சொல்லாக இணைந்தது. 'ஆன்' என்பது ஒன்று என்னும் எண்ணுப்பெயர். எனவே அத்தொடரின் நேர்ப்பொருள் 'ஒன்றாக', 'ஒன்றினுள்' என்பதாகும். ஒன்றாக, இடையறாது, நேரே செல்லுதல் என்ற பொருளிலிருந்து, இடையில் வேறெதுவும் புகாத வண்ணம், அதாவது உடனே, என்ற காலப்பொருள் பிறந்தது. இன்றைய ஆங்கிலத்தில் உடனே என்பதைக் குறிக்கும் 'அற் வன்ஸ்' என்னும் தொடரும் ஒன்று என்னும் அதே அடிப்படையிலேயே எழுந்தது. தமிழிலும் இதற்கு ஒப்பான வளர்ச்சி உண்டு. 'உடன்' என்னும் சொல் கூட, ஒருசேர என்ற பொருளைத் தருவது. அதுவே ஏகாரம் பெற்று 'உடனே' என நிற்கும்போது காலத்தாழ்வின்மையைக் குறிக்கின்றது. இரு செயல்கள் ஒன்றையொன்று ஒட்டி நிற்பின் அவற்றுக்கிடையே காலம் இல்லை என்னும் எண்ணம், தொடர்பற்ற இரு மொழிகளிலும் ஒரே வழியில் வெளிப்பட்டிருப்பது நோக்கற்பாலது.

இடைக்கால ஆங்கிலத்தில் 'அனொன்' பெருவழக்குப் பெற்றிருந்தது. 14 ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியில் எழுதிய சோசரின் கவிதைகளில் அது அடிக்கடி பயின்று வருவதைக் காணலாம். ஆயினும் அவருடைய காலத்திலேயே அச்சொல்லின் வலிமை குன்றத் தொடங்கியதற்கான அறிகுறிகளும் உள. முதலாவதாக, அது தனித்து நிற்பதோடமையாது, 'நேரே' என்னும் பொருள்படும் 'றைற்' என்ற அடையையும் பெற்று வருகின்றது. ஒரு சொல்லே முழுமையான உடனடித்தன்மையை உணர்த்துமாயின் அதற்கு வலுவூட்ட இன்னொரு சொல் வேண்டியதில்லை. தமிழில் 'உடனே' போதாதென்று 'உடனடியாக' என்றும், அதுவும் போதாதென்று 'இப்போதே உடனடியாக' என்றும் கூறும் நிலையோடு இதனை ஒப்பிடலாம். இரண்டாவதாக, அக்காலக் கதைப்பாடல்களில் இச்சொல் எதுகைக்கு மிக வாய்ப்பான ஒன்றாக விளங்கிற்று. கல், எலும்பு, ஒவ்வொருவர் ஆகியவற்றைக் குறிக்கும் அக்கால ஆங்கிலச் சொற்கள் அதனோடு ஒலியியைபு உடையவை. ஆதலின் வீரன் எழுந்தாலும், குதிரை புறப்பட்டாலும், அரசி பேசினாலும் அடியின் இறுதியில் 'அனொன்' வந்து நிற்கும். எல்லாச் செயலும் 'உடனே' நிகழ்வதாகக் கூறப்படுமிடத்து, 'உடனே' என்பது 'பின்னர்' என்பதற்கு மேல் எதனையும் உணர்த்துவதில்லை.

16 ஆம் நூற்றாண்டில் 'சிறிது நேரத்தில்', 'விரைவில்' என்னும் பொருள் அச்சொல்லிற் காலூன்றிவிட்டது. பழைய பொருளும் முற்றாக மறையவில்லை. ஒரே சொல் ஒரே காலத்தில் 'இக்கணமே' என்றும் 'சற்றுப் பொறுத்து' என்றும் பொருள் தந்தது. இந்த இரட்டை நிலையின் சமூகப் பின்னணியை விளங்கிக்கொள்ள மிகச் சிறந்த சான்று சேக்ஸ்பியரின் நாடகமொன்றிற் கிடைக்கின்றது.

1598 இல் அச்சேறிய 'நான்காம் ஹென்றி' நாடகத்தின் முதற் பாகத்தில், இரண்டாம் அங்கத்தின் நான்காம் காட்சி இலண்டனின் ஈஸ்ற்சீப் பகுதியிலுள்ள மதுச்சாலையொன்றில் நிகழ்கின்றது. அங்கே மது பரிமாறும் பையன் பிரான்சிஸ். இளவரசன் ஹால் பொழுது போக்குவதற்காகத் தன் தோழன் பொயின்ஸை மற்றோர் அறைக்கு அனுப்பி, அங்கிருந்து அப்பையனை ஓயாது அழைக்குமாறு பணிக்கின்றான். தான் அவனை நிறுத்தி வைத்துப் பேச்சுக் கொடுக்கின்றான். ஒரு புறம் கேள்வி. மறு புறம் அழைப்பு. அழைப்பு வரும்போதெல்லாம் பிரான்சிஸ் 'அனொன், அனொன்' என விடையிறுக்கின்றான். அக்கால மதுச்சாலைப் பணியாளரின் வழமையான விடை அதுவே. 'இதோ வருகின்றேன்' என்பது அதன் கருத்து. ஆனால் அவனால் வர முடிவதில்லை.

இக்காட்சி பெரும்பாலும் வெறும் நகைச்சுவையாகவே கொள்ளப்படுகின்றது. ஆயின் இளவரசன் வினவும் வினாக்களைக் கூர்ந்து நோக்குமிடத்து அதன் அடியில் அமைந்துள்ள நிலைமை தெளிவாகும். இன்னும் எத்தனை ஆண்டு பணி செய்யவேண்டும் என்ற வினாவுக்கு ஐந்து ஆண்டுகள் என்பது விடை. 1563 ஆம் ஆண்டின் தொழிலாளர் சட்டம் இங்கிலாந்தில் தொழில் பயில்வோர் ஏழு ஆண்டுகளேனும் ஒப்பந்தத்தாற் கட்டுண்டிருத்தல் வேண்டுமென விதித்திருந்தது. சேக்ஸ்பியரின் பார்வையாளர் அந்நிலையை நன்கறிந்தவர்கள். அடுத்து, அந்த ஒப்பந்தத்தை உதறிவிட்டு ஓடிப்போகும் துணிவு உண்டா என இளவரசன் கேட்கின்றான். பையன் தன் உள்ளத்தில் உள்ளதைக் கூறத் தொடங்குகின்றான். வாக்கியம் முடியுமுன் அழைப்பு வருகின்றது. அவன் 'அனொன்' என்கின்றான். வயதென்ன என்று கேட்கப்படும்போதும் அவ்வாறே. விடை முற்றுப்பெறுமுன் அழைப்பு. அவன் அளித்த சிறிதளவு சர்க்கரைக்காக ஆயிரம் பவுண் தருவதாகவும் வேண்டும்போது கேட்டுப் பெற்றுக்கொள்ளலாம் எனவும் இளவரசன் கூறுகையில், மற்ற அறைக்கு அவன் அளித்த 'அனொன்' என்ற விடையையே தனக்கு அளித்ததாகக் கொண்டு, இப்போதா, நாளையா, வியாழனா எனக் கேலி செய்கின்றான். ஈற்றில் இருவரும் ஒருங்கே அழைக்கின்றனர். எப்பக்கம் செல்வதென அறியாது பிரான்சிஸ் திகைத்து நிற்கின்றான். அவ்வேளையில் உட்புகும் மதுச்சாலைக்காரன், அழைப்புக் கேட்டும் நிற்கின்றாயா என அவனைக் கடிந்துகொள்கின்றான். பின்னர், கிளிக்குள்ள அளவு சொற்கள்கூட இவனிடம் இல்லையே என்று இளவரசன் வியக்கின்றான்.

பிரான்சிஸிடம் சொற்கள் இல்லாமலில்லை. அவை முற்றுப்பெற இடமளிக்கப்படவில்லை. அவனுடைய விருப்பம், வயது ஆகிய இரண்டும் அந்த ஒற்றைச் சொல்லால் இடைமுறிக்கப்படுகின்றன. 'உடனே' என்பது ஏவலுக்கு உட்பட்டவன் சொல்லியே ஆகவேண்டிய விடை. ஒரே நேரத்தில் இரு இடங்களில் நிற்றல் இயலாதாகலின் அது அவனால் நிறைவேற்ற முடியாத விடையுமாகும். சொல்லப்படும் விரைவுக்கும் இயலும் விரைவுக்கும் இடையிலான இவ்விடைவெளியே அச்சொல்லின் பொருளைத் தளர்த்தியிருத்தல் வேண்டும். ஆயிரம் முறை 'உடனே' எனக் கேட்டு ஆயிரம் முறை காத்திருந்த செவிக்கு, அச்சொல்லின் பொருள் 'சற்றுப் பொறுத்து' என்பதேயாகும். யாழ்ப்பாணத்து வீடுகளில் 'இந்தா வாறன்' என்னும் குரல் கேட்ட பின்னர் வாயிலிற் காத்து நிற்போர் இவ்வுண்மையை நன்கு உணர்வர்.

சேக்ஸ்பியரின் பிற நாடகங்களிலும் இச்சொல் அழைப்புக்கான விடையாகவே சிறப்பாக வருகின்றது. 'றோமியோவும் யூலியற்றும்' நாடகத்தின் மாடக்காட்சியில் உள்ளிருந்து செவிலி அழைக்க, யூலியற் இச்சொல்லைக் கூறியவாறே காதலனுடன் உரையாடலைத் தொடர்கின்றாள். 'மக்பெத்' நாடகத்தில் கதவு தட்டப்படும்போது வாயில் காப்போன் கூறுவதும் இதுவே. மூவரும் உடனே எனக் கூறுகின்றனர், மூவரும் தாமதிக்கின்றனர். அவர்களுள் யூலியற் தாமதிப்பது தன் விருப்பத்தால். வாயில் காப்போன் தாமதிப்பது மதுமயக்கத்தால். பிரான்சிஸ் தாமதிப்பதோ பிறர் விளையாட்டால். சொல் ஒன்றாயினும் அதனைக் கூறுவோரின் நிலை ஒன்றன்று.

ஏவற் பணியாளரின் வாயில் வழங்கிய இவ்விடை பின்னர் இன்னொரு திரிபையும் அடைந்தது. சில வட்டார வழக்குகளில் 'அனொன்' அல்லது 'அனன்' என்பது, கூறியது செவியில் விழவில்லை, மீண்டும் கூறுக என்னும் பொருளில் வினாவாக வழங்கிற்று. வருகின்றேன் என்ற உடன்பாடு, என்ன சொன்னீர் என்ற வினாவாக மாறியமை, அச்சொல் விடையாக எத்துணை வெறுமையடைந்திருந்தது என்பதைக் காட்டுகின்றது. இன்னொரு புறம் 'எவர் அன்ட் அனொன்' என்ற தொடர் 'இடையிடையே' என்னும் பொருளில் நிலைபெற்றது. 1755 இல் வெளிவந்த சாமுவேல் ஜோன்சனின் அகராதி இச்சொல்லுக்கு விரைவில் என்றும், சிற்சில வேளைகளில் என்றுமே பொருள் தருகின்றது. உடனே என்னும் ஆதிப்பொருளின் கூர்மை அதற்குள் மழுங்கிவிட்டமை இதனாற் புலனாகும்.

இம்மாற்றம் 'அனொன்' ஒன்றுக்கு மாத்திரம் உரியதன்று. இன்று விரைவில் எனப் பொருள்படும் 'சூன்' என்ற சொல், பழைய ஆங்கிலத்தில் 'சோனா' என்ற வடிவில் உடனே என்றே பொருள் தந்தது. 'பை அன்ட் பை' என்ற தொடரும், 'பிறெசன்ற்லி' என்ற சொல்லும் உடனடியைக் குறித்து, நாளடைவிற் சிறிது காலத்தின் பின்னர் என்ற பொருளுக்கு இறங்கின. 'பிறெசன்ற்லி' என்பதற்கு 'இப்போது' என்னும் பழைய பொருள் ஸ்கொத்லாந்திலும் அமெரிக்காவிலும் தொடர்ந்து வழங்குவதுடன், இந்திய உபகண்டத்து ஆங்கிலத்திலும் பரவலாகக் காணப்படுகின்றது. ஆங்கிலத்துக்கு வெளியேயும் இதற்குச் சான்றுகள் உள. துணிவாக என்னும் பொருளிற் பிறந்த ஜேர்மன் மொழியின் 'பால்ற்' இன்று விரைவில் என்றே பொருள்படும். பிரெஞ்சில் 'தூ தா லேர்' என்ற தொடர் 17 ஆம் நூற்றாண்டில் உடனே என்பதைக் குறித்தது. இன்று சற்று நேரத்தில் என்பதைக் குறிக்கின்றது. சுவீடன் நாட்டு மொழியியலாளர் குஸ்தாவ் ஸ்ரேர்ன் 1931 இல் வெளியிட்ட பொருண்மையியல் நூலில், 1300 ஆம் ஆண்டுக்கு முன்னர் 'வேகமாக' எனும் பொருளைப் பெற்றிருந்த ஆங்கில வினையடைகள் பின்னர் 'உடனே' எனும் பொருளையும் பெற்றன எனவும், அதன் பின் வந்தவை அவ்வாறு பெறவில்லை எனவும் காட்டினார். வேகம் உடனடியாக மாறுவது ஒரு படி. உடனடி தாமதமாக மாறுவது அதன் அடுத்த படி.

இத்தகைய மாற்றம் வெறும் சொல்லாராய்ச்சிக்குரிய செய்தியாக மாத்திரம் நின்றுவிடுவதில்லை. பழைய நூல்களின் உட்கருத்தையே அது மறைத்துவிடக் கூடும். 1611 இல் வெளியான ஜேம்ஸ் மன்னர் காலத்து விவிலிய மொழிபெயர்ப்பு இதற்குத் தக்க சான்றாகும். மத்தேயு சுவிசேடத்தின் 13 ஆம் அதிகாரத்தில் விதைப்பவன் உவமைக்கு விளக்கம் கூறப்படுகின்றது. கற்பாறை நிலத்தில் வீழ்ந்த விதை, போதனையைக் கேட்டதும் மகிழ்வோடு ஏற்பவனைக் குறிக்கும். அவனுக்கு வேர் இன்மையால் துன்பம் நேர்ந்ததும் வீழ்ந்துவிடுகின்றான். 20 ஆம், 21 ஆம் வசனங்களில் ஏற்பதற்கும் வீழ்வதற்கும் கிரேக்க மூலம் 'எவ்தூஸ்' என்ற ஒரே சொல்லையே வழங்குகின்றது. எவ்வளவு விரைவில் ஏற்றானோ அவ்வளவு விரைவில் வீழ்ந்தான் என்பதே விளக்கத்தின் மையம். 1611 இன் மொழிபெயர்ப்போ முதலாவது இடத்தில் 'அனொன்' என்றும், இரண்டாவது இடத்தில் 'பை அன்ட் பை' என்றும் வழங்கிற்று. ஒரே மூலச் சொல்லை எங்கும் ஒரே ஆங்கிலச் சொல்லாற் பெயர்க்கத் தாம் கட்டுப்படவில்லை என அம்மொழிபெயர்ப்பாளர் தம் முன்னுரையில் வெளிப்படையாகவே கூறியிருந்தனர். அக்காலத்தில் இரு சொற்களும் உடனே என்ற பொருளைத் தரவல்லனவாதலின் பெருந்தீங்கு நேரவில்லை. பிற்கால வாசகனுக்கோ, அம்மனிதன் சற்று நேரத்தில் ஏற்றுக்கொண்டு, காலப்போக்கில் மெல்ல மெல்ல வீழ்ந்ததாகவே தோன்றும். உவமை சுட்டிய திடீர்த்தன்மை முழுவதும் மறைந்துவிடுகின்றது.

இவ்வாறே மாற்கு சுவிசேடத்தின் 6 ஆம் அதிகாரத்தில், ஏரோதியாளின் மகள் யோவானின் தலையைத் தட்டில் வைத்து 'பை அன்ட் பை' தருமாறு கேட்பதாக அம்மொழிபெயர்ப்பிற் காணப்படுகின்றது. மூலத்தில் அவள் கேட்பது இக்கணமே தருமாறு. அரசன் மீளச் சிந்திப்பதற்கு இடமளிக்காத அவசரமே அக்கொலையின் கொடுமையை உணர்த்துவது. பொருள் மாறிய சொல்லோ ஆறுதலாகத் தந்தாற் போதும் என்ற தோற்றத்தை அளிக்கின்றது. மத்தேயு 21 ஆம் அதிகாரத்தில் அத்திமரம் 'பிறெசன்ற்லி' பட்டுப்போயிற்று என வருமிடத்தும் இதே இடர்ப்பாடு நேர்கின்றது.

19 ஆம் நூற்றாண்டில் இக்குறைபாடுகள் இரு முனைகளிலிருந்து எதிர்கொள்ளப்பட்டன. 1881 இல் வெளிவந்த திருத்திய புதிய ஏற்பாடு, விதைப்பவன் உவமையின் இரு வசனங்களிலும் 'ஸ்றெயிற்வே' என்னும் ஒரே சொல்லை அமைத்து மூலத்தின் ஒப்புமையை மீட்டது. இலண்டன் மொழியியற் கழகமோ சொற்களின் வரலாற்றையே திரட்டும் பெரும் பணியில் இறங்கிற்று. 1857 இல் அக்கழகத்தின் முன் உரையாற்றிய றிச்சட் செனவிக்ஸ் ட்றெஞ்ச், ஆங்கில அகராதிகளின் குறைபாடுகளை எடுத்துக்காட்டி, அகராதி என்பது மொழியின் வரலாற்றுப் பதிவாதல் வேண்டும் என வாதிட்டார். பின்னாளில் டப்ளின் பேராயராக விளங்கிய அவரே புதிய ஏற்பாட்டைத் திருத்திய குழுவிலும் இடம்பெற்றவர். பழைய நூலைச் சரிவரப் படிப்பதும் சொல்லின் வரலாற்றை அறிவதும் ஒரே முயற்சியின் இரு கூறுகள் என்பதற்கு அவருடைய வாழ்வே சான்று. அவர் தூண்டிவிட்ட முயற்சி ஜேம்ஸ் மறேயின் பதிப்பாசிரியத்துவத்தில் ஒக்ஸ்போட் ஆங்கில அகராதியாக உருவெடுத்தது. 1884 இல் வெளியான அதன் முதற் பகுதி 'ஏ' தொடக்கம் 'அன்ற்' என்னும் சொல் வரையிலானது. 'அனொன்' அப்பகுதியிலேயே அடங்குகின்றது. தன்னார்வலர் பலர் பழைய நூல்களைப் படித்துத் துண்டுத் தாள்களில் எழுதி அனுப்பிய மேற்கோள்கள் கால வரிசைப்படி அடுக்கப்பட்டபோது, உடனே என்பது விரைவில் என மாறிய படிமுறை முதன்முறையாகத் தெளிவுற வெளிப்பட்டது. 1928 இல் அப்பேரகராதி நிறைவெய்திற்று.

இன்றைய ஆங்கிலத்தில் 'அனொன்' பேச்சு வழக்கிலிருந்து ஏறத்தாழ ஒழிந்துவிட்டது. இதுபற்றிப் பின்னர் கூறுவோம் என எழுத்திலும், மீண்டும் சந்திப்போம் என விடைபெறும்போதும், சற்று விளையாட்டாகவும் பழமை தோன்றவும் சிலர் அதனை வழங்குவர். அவ்வழக்குகளில் 'எப்போதாவது' என்பதற்கும் அதற்கும் இடையே அதிக வேறுபாடு இல்லை. ஒன்று என்னும் எண்ணிலிருந்து தோன்றி, இடைவெளியற்ற கணத்தைக் குறித்த சொல், ஈற்றில் வரையறையற்ற காலத்தைக் குறிக்கும் சொல்லாக முடிந்துள்ளது.

தொகுத்து நோக்குமிடத்து, இச்சொல்லின் வரலாறு இரு உண்மைகளை உணர்த்துகின்றது எனலாம். மொழியின் மாற்றம் ஒலிகளின் தேய்வினாலோ இலக்கணப் பிழைகளினாலோ மாத்திரம் நிகழ்வதன்று. கட்டளையிடுவோருக்கும் கீழ்ப்படிவோருக்கும் இடையிலான அன்றாட உறவும் அதனை உருவாக்குகின்றது. 'உடனே' என்னும் சொல் ஒவ்வொரு காலத்திலும் தேய்ந்துபோவதும், அதன் இடத்தில் புதிய சொல்லொன்று தேவைப்படுவதும், மனிதர் ஒருவரிடமிருந்து ஒருவர் எதிர்பார்ப்பது அவர் செய்யக்கூடியதிலும் கூடுதலாக இருப்பதனாலேயாகும். மற்றைய உண்மை, பழைய இலக்கியம் பயில்வோர் கருத்திற் கொள்ளவேண்டியது. அருஞ்சொல்லுக்குப் பொருள் தேடுவது எவரும் செய்வது. நன்கு தெரிந்த சொல்லிடத்தும், இது எழுதப்பட்ட காலத்தில் இதன் பொருள் இதுதானா என வினவும் பழக்கமே ஆய்வாளனுக்கு இன்றியமையாதது. ஆங்கில நூல்களுக்கு இது பொருந்துமாயின், ஈராயிரம் ஆண்டு இலக்கியத்தைத் தொடர்ச்சியாகப் படித்துவரும் தமிழ் மாணவருக்கு இது இன்னும் அதிகமாகப் பொருந்தும்.